தரையில் கால் படாத மன்னன்

கட்சிக்காரன் கணேஷ்ராம் கைபேசியை நீட்டியபோது நான் ஏரல் கமிஷன் கடை வாசலில் வாழைத்தார் இறக்கிக்கொண்டிருந்தேன். திரையில் நான்தான். அட்டைக் கிரீடம், ஒட்டு மீசை. தரையில் கால் படக்கூடாது என்று சட்டம் போட்ட மன்னன். குடிமக்கள் வரிசையாகக் குப்புறப் படுக்க, அவர்கள் முதுகில் நடந்து போகிறேன். மிதிபட்டவர்கள் ஆனந்தக் கண்ணீர் விடுகிறார்கள். கண்ணீர் வராதவனைக் காவலர் இழுத்துப் போகிறார்கள்.

"எங்க அண்ணாச்சி நாலு தடவ பாத்துட்டாவ, பிச்சைக்கண்ணு. தன்னைப் பத்தி இப்படி ஒருத்தனும் படம் எடுக்கலன்னு உருகிப் போயிட்டாவ. நாளைக்குப் பொறந்தநாள் மேடையில நீரு நடிச்சுக் காட்டணும் வே."

வெள்ளம் வந்த வருஷம், படகிலிருந்து கரையேற என்னைச் சேற்றில் குனிய வைத்து முதுகில் மிதித்தவர் இவனுடைய அண்ணாச்சி, கட்சித் தலைவர் ஆவுடைநாயகம். செருப்போடு. சுற்றி நின்ற கட்சிக்காரர்கள் கைதட்டினார்கள். கூட்டத்தில் தட்டாமல் நின்ற மகேஸ்வரன் மேல் மறுவாரமே வழக்கு. அதைக் கேட்டுக் கொதித்துத்தான் எங்கள் தெரு ஸ்னேகா, கல்லூரியில் படிப்பவள், இந்தப் படத்தை எடுத்தாள். ஊர் சிரிக்கும், அவர் கூசிப்போவார் என்று நம்பினோம். புகழ்ச்சியிலேயே ஊறிய மனுஷனுக்கு அது பூமாலையாகத் தெரிந்திருக்கிறது.

"போவாதீங்க பெரியப்பா," என்றாள் ஸ்னேகா. "நம்மளையும் ஜால்ராவாக்கிருவாவ."

"அந்த மேடையில ஒருக்கா ஏறித்தான் பாக்கேன் தாயி."

மறுநாள் கிரீடத்தோடு ஏறினேன். வாய் திறக்கும் முன்பே வெள்ளைச் சட்டைகள் முண்டியடித்துக் குப்புற விழுந்தன. "ஏலே, தள்ளிப் படு, நான் கிளைச் செயலாளர்லா!" கீழே பெண்கள் குலவையிட்டார்கள். ஆவுடைநாயகம் நாற்காலியில் பூரித்துச் சிரித்துக்கொண்டிருந்தார்.

ஒரு முதுகையும் மிதிக்காமல் சுற்றிக்கொண்டு போய் அவர் முன்னால் நின்றேன். மைக்கை வாயருகே பிடித்தேன்.

"இந்த முதுகெல்லாம் மிதிச்சு மிதிச்சுச் சலிச்சுப் போச்சு. மன்னனுக்கு உம்ம முதுகுதான் வேணுமாம். குனியும் வே."

குலவை நின்றது. படுத்திருந்த கணேஷ்ராம் தலையைத் தூக்கினான். கேமராக்கள் எல்லாம் ஆவுடைநாயகத்தின் பக்கம் திரும்பின. சிரிப்பைக் கலைக்காமல், நாற்காலிப் பிடியை ஊன்றி எழுந்தவர் பாதியிலேயே நின்றார். நிமிரவும் இல்லை, உட்காரவும் இல்லை. கழுத்து மாலை தரையைத் தொட்டுத் தொங்க, முதுகு எனக்கு முன்னால் வளைந்து கிடந்தது.

வெடித்த என் குதிகாலைத் தூக்கி அந்தரத்தில் நிறுத்தினேன்.