எட்டாம் வாய்ப்பாடு

தாய் சாகக் கிடந்தபோது வெளியூர்ப் படப்பிடிப்பை விட்டு மகன் வரவில்லை. அன்றோடு தந்தை அவனிடம் பேச்சை முறித்துக்கொண்டார். இருவரும் ஒரே கம்பெனியில் நடிகர்கள். ஒப்பனை அறையில் அடுத்தடுத்த நாற்காலி. ஆனாலும் மகன் பக்கத்தில் இருக்கும் சீப்பைக்கூடத் தந்தை ஒப்பனைக்காரரிடம்தான் கேட்பார். "நடுவுல நான் என்ன தபால்காரனா?" என்று ஒப்பனைக்காரர் முணுமுணுப்பார். வற்றிய குளத்தில் மீனுக்காக நிற்கும் கொக்கைப்போல, மகன் ஒரு சொல்லுக்காகக் காத்துக் கிடந்தான்.

புதிய படத்திலும் அவர்களுக்குத் தந்தை, மகன் வேடம்தான். ஓடிப்போன மகன் திரும்பி வந்து தந்தையின் காலில் விழவேண்டும். ஊமைப்படம்தானே என்று தந்தை வாயை மூடிக்கொண்டிருக்க இயக்குநர் விடவில்லை.

"உதடு அசையணும், பெரியவரே. எதையாவது பேசுங்க. கேக்கப் போறது யாரு?"

மகன் அதைக் கேட்டு நிமிர்ந்தான். இன்று அப்பா பேசியே ஆகவேண்டும்.

கண்ணாடிக் கூரை வழியே வெயில் இறங்கியது. காமிராக்காரர் கைப்பிடியைச் சுழற்றத் தொடங்கினார். மகன் காலில் விழுந்தான்.

"அப்பா, நான் வந்திருக்கணும். அம்மா மொகத்தக் கடைசியா ஒருதரம் பாத்திருக்கணும். திட்டவாவது செய்ங்கப்பா."

அது யாரும் சொல்லிக்கொடுத்த பேச்சன்று.

"அழுங்க, பெரியவரே. தூக்கி அணைங்க," என்று இயக்குநர் குரல் கொடுத்தார். தந்தை அழுதார். தூக்கி அணைத்தார். அவர் கண்ணீர் மகனின் தோளை நனைத்தது. நடுங்கும் உதடுகள் அவன் காதருகே வந்தன.

"ஓரெட்டு எட்டு. ஈரெட்டு பதினாறு. மூவெட்டு இருபத்துநாலு."

மேகம் வந்து வெளிச்சத்தைக் கெடுத்தது. இன்னொரு முறை எடுக்கவேண்டும் என்றார்கள். மகன் மறுபடியும் விழுந்தான். "அப்பா" என்பதற்குமேல் அவனுக்கு வாய் எழவில்லை. தந்தை அவனை அணைத்து, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்.

"நாலெட்டு முப்பத்திரெண்டு. அய்யெட்டு நாப்பது."

"இப்படி ஒரு அப்பா அமைய நீ கொடுத்து வச்சிருக்கணும் தம்பி," என்று இயக்குநர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். தந்தை நேரே ஒப்பனைக்காரரிடம் போய், ஒப்பனையைக் கலைக்க முகத்தைக் கொடுத்தார்.

திரையில் பேச்சுக்குப் பதிலாகக் காட்டும் அட்டைகளை எழுதுபவர் தூரிகையோடு வந்தார். "அப்பா காதுல என்னமோ சொன்னாரே, என்ன தம்பி? அட்டையில போடணும்."

"நீங்களே ஏதாவது போட்டுக்குங்கண்ணே."

அவர் கறுப்பு அட்டையில் வெள்ளை மையால், 'மகனே, உன்னை மன்னித்தேன்' என்று எழுதி நீட்டினார். "சரியா இருக்கா பாரு."

மகன் வெகுநேரம் பார்த்தான்.

"எழுத்து அழகா இருக்குண்ணே," என்றான்.