மேற்படியார் மனைவி

இனி வைத்தியம் இல்லை என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். வீட்டுக்குக் கூட்டி வந்ததும் அம்மா என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: தன்னைப் பெற்றவளின் பெயர். அவள் பிரசவத்திலேயே போய்விட்டாள். வளர்த்த சித்தியோ, மூத்தாளின் பேச்சையே வீட்டில் எடுக்க விடவில்லை. தாத்தாவும் வாய் திறக்காமலே போய்ச் சேர்ந்தார். விசாரிக்க ஒருவரும் மிச்சமில்லை.

பதிவு அலுவலகத்துக்கு நடையாய் நடந்தேன். ஆவண அறைக்காரர் முதலில் மூக்கால் அழுதார். அம்மாவின் நிலைமையைச் சொன்னதும் பழைய கட்டுகளை இறக்கினார். தாள்கள் தொட்டால் உதிர்ந்தன.

அம்மாவின் பிறப்புப் பதிவு கிடைத்தது. தாத்தாவின் பெயர், அவர் தகப்பன் பெயர், தொழில், கதவு எண் எல்லாம் மணிமணியாக இருந்தன. குழந்தை: பெண். தாய்: மேற்படியார் மனைவி. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பெற்றவள் அவள், பேர் வாங்கியவர் மேற்படியார்.

இறப்பையும் பார்க்கச் சொன்னேன். அதே வாரத்தில் இருந்தது. தாத்தாவின் பெயரை எழுதி, பக்கத்தில் பொடியாக 'மனைவி' என்று முடித்திருந்தார்கள். அவசரமாகப் படித்தால் செத்தவர் தாத்தா என்றே தோன்றும்.

"கல்யாணப் பதிவுல கண்டிப்பா இருக்கும் மேடம். பொண்ணு பேர் இல்லாம யாருக்குக் கல்யாணம்?" என்றார் அவர்.

அந்த வார்த்தையைப் பிடித்துக்கொண்டு சாப்பிடக்கூடப் போகாமல் உட்கார்ந்திருந்தேன். பக்கத்தைக் கண்டுபிடித்தவர் படித்துக் காட்டவில்லை, என் பக்கம் திருப்பி வைத்துவிட்டு மூக்குக் கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தார். மணமகளுக்கு நேரே அவள் அப்பன் பெயர் கொட்டை எழுத்தில் இருந்தது, பிறகு 'மகள்'. கீழே அவளுடைய பெருவிரல் ரேகை. அதுவும் மை ஊறி வெறும் கறையாகிவிட்டிருந்தது. இப்படி ஒருத்தி பிறந்து, வாழ்ந்து, பிள்ளை பெற்றுச் செத்திருக்கிறாள். அழுகையை அடக்க முடியவில்லை.

ஏதாவது ஒரு பெயரைச் சொல்லிவிடலாமா என்று வழியெல்லாம் யோசித்தேன். அம்மா தூங்காமல் காத்திருந்தாள். அந்தக் கண்ணைப் பார்த்துப் பொய் சொல்ல வாய் வரவில்லை.

"எங்கயுமே எழுதலம்மா."

அம்மா கூரையைப் பார்த்தபடி கிடந்தாள். எனக்குத்தான் பொறுக்கவில்லை. பேர் எதுக்கு, மனசுக்குள்ள அம்மான்னு கூப்பிட்டுக்கோயேன் என்று சொல்லிவிட்டேன்.

"அப்படி யாரையும் கூப்பிட்டுப் பழக்கமே இல்லையேடி" என்றாள்.