அரை நிமிடம் முன்னால்

பார்வை போன பிறகும் தாமஸ் டிவிக்கு முன்னால்தான் உட்கார்ந்தார். அதே சோபா, அதே மூலை. முந்தின வருஷமே ஒரு கண் மங்கியிருந்தது. பிப்ரவரியில் ஒரு காலை எழுந்தபோது மற்றதும் போய்விட்டது. கண்ணுக்குப் போகும் நரம்பில் ரத்த ஓட்டம் நின்றுவிட்டது என்றார்கள். ஜன்னல் எந்தப் பக்கம் என்று தெரியும் அளவுக்கு மட்டும் வெளிச்சம் மிஞ்சியது.

அவர் தூத்துக்குடிக்காரர். நியூ ஜெர்சியில் ஒரு மருந்து கம்பெனியில் வேதியியலாளர். வந்த புதிதில், கூட வேலை பார்த்தவர்கள் சாப்பாட்டு நேரத்தில் என்ன பேசுகிறார்கள் என்று புரிவதற்காக பேஸ்பால் பார்க்க ஆரம்பித்தார். சில வருஷங்களில், உள்ளூர் அணியான மெட்ஸ் தோற்ற நாளில் அவருக்கு இட்லி இறங்காது என்று ஆகிவிட்டது. அவர் மனைவி ஜூடித்துக்கு அந்த ஆட்டம் பிடிபட்டதே இல்லை. ஹாலில் கூட்டம் கத்தும்போது அடுப்படியில் குக்கர் விசில் காதில் விழாது. அவளுக்கும் பேஸ்பாலுக்கும் இருந்த உறவு அவ்வளவுதான்.

மார்ச் முழுவதும் தாமஸ் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். சாப்பிடக் கூப்பிட்டால் பதில் வராது. தட்டைப் பக்கத்தில் வைத்துக் கையைப் பிடித்துத் தொடவைத்தால் இரண்டு வாய் சாப்பிடுவார். சீசன் தொடங்கிய அன்று அவராக எழுந்து, சுவரைத் தடவிக்கொண்டே ஹாலுக்கு வந்தார். "டிவியைப் போடு" என்றார். ஜூடித் மனதுக்குள் மாதாவைக் கும்பிட்டுவிட்டுப் போட்டாள்.

அன்றைக்குத்தான் ஒன்று தெரிந்தது. டிவியில் பேசுகிறவர்கள் ஆட்டத்தைச் சொல்வதில்லை. படம்தான் இருக்கிறதே என்று ஏதோ பழங்கதை பேசுவார்கள். மட்டை சத்தம் கேட்கும், கூட்டம் எழும், "இதைப் பாருங்கள்" என்பார்கள். அப்புறம் அமைதி.

"என்ன ஆச்சு?" என்று தாமஸ் கேட்பார்.

டல்லஸில் வேலை பார்க்கும் மகன் இவான் போனில் யோசனை சொன்னான். அவனுக்குத் தமிழ் புரியும், ஆங்கிலத்தில்தான் பதில் வரும். ரேடியோவில் ஒவ்வொரு பந்தையும் வர்ணிப்பார்கள், அப்பாவுக்கு அதுதான் சரி என்றான்.

தாமஸ் முகம் இறுகியது. "ரேடியோ கண்ணு தெரியாதவனுக்குடா. எனக்கு ஆறு மாசம் பாக்கலாம்னு டாக்டர் சொல்லியிருக்கார். அதுவரைக்கும் உங்கம்மா பாத்துச் சொல்லுவா."

அதற்கு முந்தின வாரம்தான் ஜூடித்துக்கு டாக்டர் ஆபீஸிலிருந்து போன் வந்திருந்தது. ஸ்கேனைப் பார்த்துவிட்டு டாக்டரே பேசினார். நரம்பு வெளுத்துவிட்டது, இனி திரும்புவதற்கு இடமில்லை, அடுத்த முறை வரும்போது நிதானமாகப் பேசலாம் என்றார். தாமஸ் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். யார் போனில் என்று கேட்டார். "டாக்டர் ஆபீஸ். அடுத்த அப்பாயின்ட்மென்ட் ஆகஸ்ட்ல. அப்ப பாக்கலாம்னாங்க" என்றாள். அந்தச் சுவரிலிருந்து அவரைத் திருப்ப முடியாமல் போய்விடுமோ என்ற பயம்தான்.

ஆகவே பார்த்துச் சொன்னாள்.

"பவுலர் ஓடி வரல. நின்ன எடத்துலேர்ந்தே போடறார்."

"பிட்சர்."

"சரி, பிட்சர். இவர் அடிக்கல. கீப்பர் புடிச்சுட்டார்."

"கேட்சர். ஸ்ட்ரைக் குடுத்தானா?"

"அம்பயர் கையை ஆட்டினார். அவுட்டா இருக்கும். ஆனா ஆள் போகாம நிக்கிறாரே."

"மூணு ஸ்ட்ரைக் ஆனாத்தான் அவுட். இன்னும் ஸ்டம்ப் எங்கன்னு தேடிட்டு இருக்கியா ஜூடி?" என்று தாமஸ் சிரித்தார். பிப்ரவரிக்குப் பிறகு வந்த முதல் சிரிப்பு.

ஆனால் சிரிப்பு எத்தனை நாள் தாங்கும். பந்து எங்கே போகிறது என்று அவள் கண்டுபிடிப்பதற்குள் அடுத்த பந்து வந்துவிடும். அவர் கேள்வி கேட்பதைக் குறைத்துக்கொண்டார். ஒருநாள் ஆட்டம் பாதியில் இருக்கும்போதே எழுந்து படுக்கைக்குப் போய்விட்டார்.

மறுநாள் கடைக்குப் போன இடத்தில், காருக்குள் உட்கார்ந்தபடி ஜூடித் இவானுக்கு போன் செய்தாள்.

"அப்பாக்குத் தெரியாம நான் மட்டும் ரேடியோ கேக்கணும். எப்படி?"

பேஸ்பால் லீக்கின் ஆப்பில் எல்லா அணிகளின் ரேடியோவும் வரும் என்றான் இவான். சொந்த ஊர் அணியின் வீடியோவை அந்த ஊரிலேயே காட்டமாட்டார்கள், பிளாக்அவுட். ஆனால் குரலுக்கு அந்தத் தடை கிடையாது. அவனே சந்தா கட்டி, அவள் போனில் எப்படி இறக்குவது என்று சொல்லிக் கொடுத்தான்.

தாமஸ் எப்போதும் இடது மூலையில். ஜூடித் வலது காதில் மட்டும் இயர்போன் மாட்டிக்கொண்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். மறைக்க ஒன்றும் பாடுபடவேண்டியிருக்கவில்லை.

அதுவும் சரிப்படவில்லை. டிவியில் கூட்டம் கத்தி ஓய்ந்த பிறகுதான் ஆப்பில் பந்தையே எறிவார்கள்.

"எல்லாம் முடிஞ்சப்புறம் சொல்றியே" என்றார் தாமஸ்.

இவான் விளக்கினான். இன்டர்நெட்டில் வருவதெல்லாம் தாமதம். டிவியும் தாமதம், ஆப் அதைவிடத் தாமதம். முந்தி வருவது ஒன்றுதான், ஆன்டெனா வைத்த சாதாரண ஏஎம் ரேடியோ. ஜூடித் உள்ளங்கையில் அடங்கும் ஒன்றை வாங்கினாள். பேட்டரி போட்டு, சோபாவில் ஜன்னல் பக்கமாகக் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தால் இரைச்சலுக்கு நடுவே குரல் தெளிவாக வந்தது.

இப்போது நேர் எதிரான சிக்கல். அவர்கள் வீட்டு டிவி கேபிள் இல்லை, இன்டர்நெட்டில் வருவது. ரேடியோ அதைவிட அரை நிமிடத்துக்கு மேல் முந்தியது. காதில் ஒருவர் அவுட்டாகிப் போய்விடுவார். டிவியில் அவர் அப்போதுதான் மட்டையைத் தட்டிக்கொண்டு நிற்பார்.

ஜூடித் பழகிக்கொண்டாள். காதில் கேட்டதை நெஞ்சில் வைத்துக்கொள்வாள். அதற்குள் அடுத்த பந்தும் காதில் வந்துவிடும், அதையும் வைத்துக்கொள்வாள். டிவியில் மட்டை சத்தம் வந்த உடனே முதலாவதை எடுத்துக் கொடுப்பாள். பள்ளிக்கூடத்தில் வேதியியல் பாடம் நடத்தியவள் அவள். ஒன்றைக் கேட்டுக்கொண்டே இன்னொன்றைச் சொல்வது வகுப்பில் பழகியதுதான். ஆனாலும் ஆட்டம் முடியும்போது தலை கனக்கும்.

"லெஃப்ட்ல தாழ்வாப் போகுது. ஃபீல்டர் முன்னால ஓடி வந்து, முட்டி போட்டு எடுத்துட்டார்."

"அப்படிச் சொல்லு."

தாமஸ் மாறினார். தானாகக் குளித்தார், தானாகச் சவரம் செய்தார். ஆட்டம் எத்தனை மணிக்கு என்று காலையிலேயே கேட்டார். இவானிடம் போனில், "உங்கம்மா கண்ணைப் பத்தி உனக்குத் தெரியாதுடா. எங்க பிட்சிங் கோச்சுக்குக்கூட இவ்ளோ தெரியாது" என்றார். ஜூடித் பாத்திரம் கழுவப் போய்விட்டாள்.

ஆகஸ்ட் நெருங்க நெருங்க அவள் தூக்கம் குறைந்தது. அவர் எதையெல்லாம் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்கிறார் என்று அவளுக்குத் தெரியும். எல்லாம் அவள் கொடுத்தது.

ஜூலையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து வந்து சாப்பிட்டு உட்கார்ந்தார்கள். மதிய ஆட்டம். ஏழாவது இன்னிங்ஸில் மெட்ஸ் மூன்று ரன் பின்தங்கி மட்டை பிடித்துக்கொண்டிருந்தது. மூன்று தளங்களிலும் ஆட்கள் நின்றார்கள், இரண்டு பேர் அவுட்.

"எந்த பிட்சர் இப்ப?" என்றார் தாமஸ்.

"புதுசா ஒருத்தர் வந்திருக்கார். இடது கை."

"தப்பான ஆளைக் கொண்டாந்துட்டான். பாரு நீ."

ஜூடித்துக்கும் அப்படித்தான் பட்டது. இந்த மட்டைக்காரர் இடது கை பந்தை விடமாட்டார் என்று இப்போது அவளுக்கே தெரியும். எப்போது இதெல்லாம் தெரிந்துகொண்டாள் என்றுதான் தெரியவில்லை. காதில் வர்ணனையாளரின் குரல் ஏறியது. ஏறிக்கொண்டே போனது. பந்து பின்னால் போகிறது, இன்னும் பின்னால், சுவரைத் தாண்டி.

அவள் கை தாமஸின் மணிக்கட்டைப் பிடித்தது. "போயிருச்சு" என்றாள். "நாலு பேரும் வந்துட்டாங்க."

டிவியில் யாரோ ஒரு பழைய ஆட்டக்காரரின் மீன்பிடிப் பயணத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"ஜூடி" என்றார் தாமஸ் மெதுவாக. "அவன் இன்னும் எறியவே இல்ல."

அவள் கையை எடுத்துக்கொண்டாள். இருவரும் காத்திருந்தார்கள். மீன் கதை நின்றது. மட்டை சத்தம் கேட்டது. கூட்டம் எழுந்தது. டிவியில் பேசியவர்கள் வாயை மூடிக்கொண்டு கூட்டத்தைக் கத்தவிட்டார்கள். தாமஸ் அசையவில்லை. நான்கு மாதமாக அவர் காத்திருந்த மாதிரியான அடி அது.

"ரேடியோவா?"

"ஆமாங்க."

"எப்பலேர்ந்து?"

"ஏப்ரல் கடைசிலேர்ந்து."

"அப்ப நீ பாத்துச் சொல்லல."

"பாத்தா எனக்குச் சொல்ல வரல. நீங்க எந்திரிச்சுப் போய்ட்டீங்க."

அவர் தலையாட்டினார். கோபம் வரும் என்று அவள் எதிர்பார்த்தாள். வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் ஏதோ கணக்குப் போடுகிறவர் மாதிரி உட்கார்ந்திருந்தார்.

"வேற என்னல்லாம் எனக்கு முன்னாடியே உனக்குத் தெரியும்?"

ஆகஸ்ட் வரை தாங்கியிருக்கலாம். டாக்டரே சொல்லியிருப்பார். இன்னொரு பொய்யை இப்போது சொன்னால் அதையும் அவர் ஏற்றுக்கொள்வார். ஏற்றுக்கொண்ட மாதிரி இருப்பார். அப்புறம் அவள் சொல்வது எதையும் நம்பமாட்டார், மழை பெய்கிறது என்றால்கூட.

"மார்ச்ல டாக்டர் பேசினாருங்க" என்றாள். "திரும்ப வராதுன்னார்."

"ரெண்டுமா?"

"ரெண்டும்."

டிவியில் கூட்டம் இன்னும் அடங்கவில்லை. காதில் அந்த இன்னிங்ஸ் முடிந்து ஏதோ கார் விளம்பரம் ஓடியது. தாமஸ் இரண்டு கைகளையும் முழங்காலில் வைத்துக்கொண்டார். எழப் போகிறார், அந்தச் சுவருக்குத்தான் போகப் போகிறார் என்று அவள் நினைத்தாள்.

"மார்ச்ல" என்றார். "அதை மனசுல வச்சுக்கிட்டா இத்தனை நாள் எனக்கு ஸ்ட்ரைக், அவுட்டுன்னு சொல்லிட்டு இருந்தே?"

"ஆமாங்க."

அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"அந்த டிவியை ஆஃப் பண்ணு."

ஆஃப் செய்தாள்.

"ரேடியோவை எடுத்து இங்க வை."

இயர்போன் வயரைப் பிடுங்கி, ரேடியோவை இருவருக்கும் நடுவில் வைத்தாள். இரைச்சலோடு ஒரு ஆண் குரல் ஹாலுக்கு வந்தது. எட்டாவது இன்னிங்ஸ் தொடங்கியிருந்தது. முதல் பந்து வெளியே, தாழ்வாக. ஜூடித் பழக்கதோஷத்தில், "வெளிய போகுதுங்க, தாழ்வா" என்றாள்.

"எனக்குக் கேக்குது, ஜூடி."

அவள் நிறுத்திக்கொண்டாள். கைகளை என்ன செய்வது என்று தெரியவில்லை. அந்த இன்னிங்ஸ் முழுவதும் அப்படியே உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் அவுட்டானார், ஒருவர் ஒரு தளம் போனார், இன்னொருவர் அவுட்டானார். வர்ணனையில் சில வார்த்தைகள் வந்தபோது தாமஸ் உதட்டைக் கடித்தார். ஆட்டத்துக்காகத்தானா என்று அவளால் சொல்ல முடியவில்லை.

மறுபடி விளம்பரம் வந்தது. தாமஸ் ஜன்னல் இருக்கும் பக்கம் முகத்தைத் திருப்பினார்.

"வெளிய என்ன இருக்கு?"

"எங்கங்க?"

"நம்ம வீட்டுக்கு வெளிய. நீயே பாத்துச் சொல்லு."

ஜூடித் எழுந்து ஜன்னலுக்குப் போனாள். சொல்வதற்குக் காதில் யாரும் இல்லை. தெருவை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை பார்த்தாள். பிறகு, "பக்கத்து வீட்டுக்காரர் காரைக் கழுவறார்" என்றாள். "தண்ணி நம்ம டிரைவ்வே வரைக்கும் ஓடி வருது. அவரோட பொண்ணு செருப்பில்லாம அதுல நிக்குது."

"என்ன கலர் கார்?"

அவள் கண்ணாடிக்கு இன்னும் அருகே போய்ப் பார்த்தாள். "நீலம்" என்றாள். "இல்லங்க, வெயில்ல அப்படித் தெரியுது. கருநீலம்."