அலங்கோலத்தின் பிறப்பு

'அலங்கோலம்' என்ற சொல்லுக்குப் பொருளாக என்னைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். வியாழக்கிழமை காலை அகராதி ஆபீசுக்கு வந்து இழுப்பறையில் படுத்துக்கொள்ளும்படி தபால் வந்தது. மாற்றுத்துணி வேண்டாம் என்று கீழே எழுதியிருந்தது.

போனேன். நடை நீளமாக இருந்தது. நான் நடக்க நடக்க அதுவும் கூடவே நடந்தது. இருபுறமும் இழுப்பறைகள். 'அயர்ச்சி' உள்ளேயிருந்து கொட்டாவி விட்டது.

என் நாத்தனார் உலகம்மாள் எனக்கு முன்பே வந்து உட்கார்ந்திருந்தார். சிபாரிசு அவருடையதுதான். நாற்பத்திரண்டு வருஷத்துச் சாட்சியங்களை இஸ்திரி போட்டுக் கொண்டுவந்திருந்தார். ரசத்தில் கிடந்த என் தலைமுடி. நான் மூடாமல் விட்ட டப்பாக்களின் மூடிகள். 'சேலை மடிக்க வராது' என்று தேதி போட்டு எழுதிய நோட்டு. அதிகாரி ஒவ்வொன்றையும் முகர்ந்து பார்த்துத் திருப்தியானார்.

படுத்தால் எத்தனை நாள் என்று கேட்டேன். அந்தச் சொல்லை யாராவது சொல்லிக்கொண்டிருக்கும் வரைக்கும் என்றார். எங்கள் பக்கத்தில் மருமகள்கள் தீரப்போவதில்லை.

படிவத்தில் ஒரு கட்டம் மட்டும் காலியாக இருந்தது. சொல் எங்கே பிறந்தது என்று அதிகாரி கேட்டார்.

"என் வாயிலதான்," என்று நாத்தனார் நிமிர்ந்து உட்கார்ந்தார். "கல்யாணத்துக்கு மறுநா பாயைக்கூடச் சுருட்டாம எந்திரிச்சு வந்தா. பாத்தேன். தானா வந்துட்டு."

கோடு தாண்டாமல் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார்.

"ஐயா, பொருளு மாறுமா?" என்று கேட்டேன்.

"காலத்துக்குத் தக்கன மாறும்."

"பொறப்பு?"

"அது எப்படிம்மா மாறும்?"

"அப்ப மாறாததை உள்ள வைங்க. நான் இன்னைக்கே மாறிக்கிடுதேன்."

அதிகாரி விதிப்புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்துப் படித்தார். நியாயம்தான் என்று இழுப்பறையைத் திறந்தார். நாத்தனாருக்கு அது ஒரு முழம் குறைந்தது. மடித்துத்தான் வைக்க வேண்டும் என்று அதிகாரி என்னைப் பார்த்தார்.

நாத்தனார் என் கையைப் பிடித்தார்.

"ஆவுடை," என்றார். என் பெயரை அவர் சொன்னது அதுதான் முதல் தடவை. "நாலா மடிச்சு வையி. கசங்கிரும்."

"எனக்குத்தான் மடிக்க வராதே மதினி. உங்க நோட்டுலயே இருக்கு."

கைக்கு வந்தபடி சுருட்டித் திணித்தேன். தலை கால்பக்கம் போயிற்று. முழங்காலால் முட்டி இழுப்பறையைச் சாத்தினேன். முந்தானை ஒரு சாண் வெளியே தொங்கியது.

அதை உள்ளே தள்ளிவிடும்படி இழுப்பறைக்குள்ளிருந்து நாத்தனார் சொன்னார். மெதுவாகத்தான் சொன்னார். விடாமல் சொன்னார்.

செருப்புகளை நடுவழியில் ஒன்று இங்கும் ஒன்று அங்குமாகக் கழற்றிவிட்டு, ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு, உட்கார்ந்து கேட்டேன்.