காலாவதியாக மறுத்த ஜோக்கிம்

1.

இந்தக் கதை எனக்கு ஒரு கலியாண வீட்டில் கிடைத்தது. சிசிலித் தீவின் பலேர்மோ நகரில், 1998இல். மாப்பிள்ளை ஜோக்கிம் கேக் வெட்டிய கையோடு என் காதருகே குனிந்து, "திங்கட்கிழமை கோட்டுக்குப் போறன். மறியலும் கிடைக்கலாம்" என்றார். நீதிமன்றம், சிறை என்று சொல்லிவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார்.

எழுத உட்கார்ந்தேன். முதல் வரி: "நீதி தாமதமாகும்போது மனித மனமானது…"

வேண்டாம். இது தலையங்கம்.

2.

இலங்கையின் மன்னாரிலிருந்து வந்த ஜோக்கிம், ஒரு பணக்காரச் சின்யோராவின், அதாவது இத்தாலியச் சீமாட்டியின், வீட்டில் சமையல்காரர். அந்த வீட்டு வெள்ளி மணிக்கூடு காணாமல் போனது; பழி அவர் தலையில் விழுந்தது. எட்டு மாதச் சிறை என்றது நீதிமன்றம். மேன்முறையீடு செய்தார். அது முடியும்வரை உள்ளே போகத் தேவையில்லை என்றார் வழக்கறிஞர்.

ஆண்டுகள் பல ஓடியும் அது முடியவேயில்லை. அதற்குள் ஜோக்கிம் சிசிலிய மொழியில் திட்டப் பழகினார், பாதித் தலைமயிரை இழந்தார், நகரின் சீசா பகுதியில் வீட்டுவேலை செய்த யோசப்பின் என்ற பெண்ணைக் காதலித்தார். அவள் கலியாணப் பேச்சை எடுக்கும்போதெல்லாம், வழக்கு முடியட்டும் என்றார்.

(இந்த இடத்தில் என் கதாபாத்திரத்தை நானே சந்தேகிக்கிறேன். இது நேர்மையா, கலியாணப் பயமா? யோசப்பினுக்கும் இதே சந்தேகம் இருந்தது.)

3.

தேங்கிக் கிடக்கும் மேன்முறையீடுகளை உடனே எடுக்கும்படி மேல் நீதிமன்றம் கீழ் நீதிமன்றங்களைக் கண்டித்தது. தூசு தட்டியதில் ஜோக்கிமின் கோப்பும் வெளியே வந்தது. வழக்கறிஞர் சந்தோஷமாகத் தொலைபேசினார்: தண்டிக்கச் சட்டம் தரும் கால எல்லை கடந்து குற்றம் காலாவதியாகிவிட்டது, வாய் திறக்காமல் நின்றால் வழக்கு தானாகச் செத்துவிடும். நிரபராதி என்று சொல்வார்களா என்று ஜோக்கிம் கேட்டார். சொல்லமாட்டார்கள். அதற்கு இந்தச் சலுகையை மறுத்துத் தீர்ப்புக் கேட்கவேண்டும். கேட்டால் சிறையும் வரலாம். புத்தியுள்ள எவனும் கேட்பதில்லை.

ஜோக்கிம் சீசாவுக்கு ஓடினார். யோசப்பின் இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

"பேசாமல் நில்லும். எல்லாம் முடிஞ்சிடும்."

"நான் களவெடுக்கேல்லை. அதை அவையள் தங்கட வாயால சொல்லவேணும்."

"உமக்கு விசர்."

"ஓம்."

அவள் இஸ்திரிப்பெட்டியின் வயரைப் பிடுங்கினாள்.

"அப்ப கலியாணம் முதல், கோடு பிறகு. மறியலுக்குப் போறதெண்டாலும் என்ர புருசனாப் போம்."

"அப்போது ஜோக்கிமின் கண்களில்…" (எழுதமாட்டேன். அவர் இஸ்திரி போட்ட துணிக்குவியல்மேல் தொப்பென்று உட்கார்ந்து திட்டு வாங்கினார். அதுதான் நடந்தது.)

4.

திங்கட்கிழமை. தலைமை நீதிபதி அவசர அவசரமாகக் காலாவதி என்று வாசிக்கத் தொடங்கினார். ஜோக்கிம் எழுந்தார். வழக்கறிஞர் அவருடைய மேற்சட்டையைப் பிடித்து இழுத்ததில் ஒரு தையல் விட்டது. இழுத்த இழுப்புக்கு வளையாமல் நின்று, தனக்குக் காலாவதி வேண்டாம், தீர்ப்பு வேண்டும் என்றார்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். விளங்கித்தான் கேட்கிறாரா என்று விசாரித்தார். விளங்கித்தான் கேட்கிறேன் என்றார் ஜோக்கிம். ஏதோ அபூர்வ விலங்கைக் கண்டவர்கள் போல நீதிபதிகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு உள்ளறைக்குப் போனார்கள்.

வாங்குப் பலகையில் புதுத்தம்பதி அருகருகே. ஜோக்கிமுக்குச் சிரிப்பு முட்டியது. அடக்கச் சொன்ன யோசப்பினுக்கு அதைவிட முட்டியது.

5.

விடுதலை என்று ஒரு முடிவு எழுதினேன், சினிமாப் போலிருந்தது. சிறை என்று எழுதினேன். அடுத்த ஞாயிறு மாதா கோயிலில் யோசப்பினின் முகத்தில் எப்படி விழிப்பேன்?

கதவு திறக்கிறது. நீதிபதிகள் வருகிறார்கள், எல்லோரும் எழுகிறார்கள். வாசகரே, நீங்கள் எழவேண்டாம். நடு நாற்காலி உங்களுடையது. வழக்கு முழுவதையும் கேட்டுவிட்டீர்கள்.

சொல்லுங்கள். ஒத்திவைக்க மட்டும் வேண்டாம்.