தடைக்காலத்துத் தவணை

வீட்டுக்கு மேலே மாடி வரப்போகிற செய்தியை லிண்டாவுக்குக் கொத்தனார் மலையாண்டிதான் முதலில் சொன்னார். அக்காள்மடம் பேருந்து நிறுத்தத்தில் நின்றவளிடம் வண்டியை நிறுத்தி, "ரெண்டு ரூமும் பாத்ரூம் சேத்தே வச்சிருவோம்மா. யாத்திரைக்காரங்க அதத்தான முதல்ல கேப்பாங்க" என்றார். அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனாலும் எல்லாம் தெரிந்தவள்போலச் சிரித்துத் தலையாட்டிவிட்டுப் பேருந்தில் ஏறினாள்.

அவளுக்குக் கோபம் வரவில்லை. கணவன் டென்னிஸ் எப்போதும் அப்படித்தான். நல்ல செய்தியைப் பிடித்து வந்த மீனைப்போலக் கரையில் நாலு பேருக்குக் காட்டிவிட்டுத்தான் வீட்டுக்குக் கொண்டுவருவான். பன்னிரண்டு வருடக் குடித்தனத்தில் அவள் பழகிக்கொண்டவற்றில் அதுவும் ஒன்று.

இராமேஸ்வரத்தில் ஒரு லாட்ஜின் வரவேற்பு மேசையில் அவளுக்கு வேலை. மாலையில் வீடு திரும்பியபோது டென்னிஸ் குளித்து, தலை வாரி, வாசலிலேயே காத்திருந்தான். தடைக்காலம் தொடங்கி ஒரு வாரம் ஆகியிருந்தது. விசைப்படகுகள் எல்லாம் கரையோரம் வரிசையாகக் கட்டிக் கிடந்தன. மீன் முட்டையிடும் இரண்டு மாதம் கடலுக்குள் போகக் கூடாது என்பது அரசு உத்தரவு.

"கொத்தனார் சொன்னாரு" என்றாள்.

"அந்தாளு வாயில எதுவும் நிக்காது" என்று சிரித்தான் டென்னிஸ். "வீட்டுக்கடன் கம்பெனில இருந்து அவங்களே போன் பண்ணாங்க புள்ள. ஆறு வருசமா ஒழுங்கா கட்டுற பார்ட்டியாம் நாம. இன்னும் நாலு லட்சம் தர்றாங்களாம். உன் கையெழுத்து ஒண்ணுதான் பாக்கி."

அவன் நீட்டிய தாள்களை அவள் வாங்கிக்கொண்டாள். பேனாவையும் கையோடு வைத்திருந்தான்.

"பழைய கடன்ல இன்னும் எவ்வளவு இருக்கு?"

"பதினஞ்சுல ஆறு வருசம் போயிருச்சு. பாதிக்குக் கொஞ்சம் மேல இருக்கும்."

அவள் மனக்கணக்கும் ஏறத்தாழ அதுதான். எட்டு லட்சம் வாங்கியது. ஐந்து லட்சத்துக்குப் பக்கத்தில் வந்திருக்கும். இருந்தாலும் பேனாவைத் திறக்கவில்லை. லாட்ஜில் தினமும் பார்க்கிறாள்: பழைய பாக்கி என்னவென்று கேட்காமல் எந்த விருந்தாளியும் இன்னொரு நாள் தங்குவதில்லை. "செவ்வாக்கிழமை எனக்கு லீவு. ராமநாதபுரம் போய்க் கேட்டுட்டு வந்து போடுறேன்" என்றாள்.

"நான் சொன்னா போதாதாக்கும்?"

"போதும். நேர்லயும் கேட்டுக்கிறேன்."

அவன் முகம் கொஞ்சம் சுருங்கியது. அந்த நிறுவனம் டென்னிஸின் வெற்றி. ஆறு வருடத்துக்கு முன் கடன் வாங்கப் போனபோது மேலாளர் அறைக்குள் நேராக நுழைந்து, "கடலுக்கே போகாத மாசத்துல தவணை கேட்டா மண்ணள்ளியா சார் கட்ட முடியும்?" என்று கேட்டவன் அவன். மேலாளர் சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டார். வருடத்தில் பத்து மாதம் கட்டினால் போதும். தடைக்காலத்து இரண்டு மாதம் தவணை கிடையாது. அந்த ஞாயிறு பூசை முடிந்து கோயில் வாசலில் ஆண்கள் டென்னிஸைச் சுற்றி நின்று அதைத் திரும்பத் திரும்பக் கேட்டார்கள். லிண்டா பெண்கள் பக்கம் நின்று அதைப் பார்த்துப் பூரித்துப்போனாள். அதற்குப் பின் ஒவ்வொரு ஏப்ரலிலும் படகுகளைக் கட்டிப்போடும்போது, தெருவில் மற்ற பெண்கள் அடுத்த மாதச் செலவுக்குக் கணக்குப் போட, அவள் மட்டும் பள்ளிக்கூட விடுமுறை விட்டதுபோல இலேசாக இருப்பாள்.

செவ்வாய்க்கிழமை ராமநாதபுரத்துக் கிளையில் அவளுக்கு எதிரே உட்கார்ந்திருந்தவன் முனீஸ்வரன். கடலாடிப் பக்கத்து ஆள். வேலைக்குச் சேர்ந்து நாலு மாதம்தான் ஆகிறது என்று அவனே சொன்னான். கணினியைத் தட்டிப் பார்த்துவிட்டு, "ஏழு லட்சத்துத் தொண்ணூத்தோராயிரம் அக்கா" என்றான்.

"அது வாங்குன தொகை இல்ல தம்பி. இன்னும் கட்ட வேண்டியது."

"கட்ட வேண்டியதத்தான் சொல்றேன்."

மின்விசிறிச் சத்தம் திடீரென்று பெரிதாகக் கேட்டது. மாதம் ஒன்பதாயிரத்து அறுநூறு. ஆறு வருடத்தில் ஐந்தே முக்கால் லட்சம் கட்டியிருக்கிறார்கள். அந்தப் பணத்தில் அவளுடைய சம்பளம் இருந்தது, டென்னிஸின் படகுப் பங்கு இருந்தது, ஒரு முறை அவளுடைய சங்கிலியும் இருந்தது. இவ்வளவும் போய், எட்டு லட்சத்தில் வெறும் ஒன்பதாயிரம்தான் குறைந்திருக்கிறது.

லிண்டா நாற்காலியை மேசைக்கு நெருக்கமாக இழுத்துப் போட்டுக்கொண்டாள். "எனக்குப் புரியிற வரைக்கும் நீங்க சொல்லணும். நான் அவசரமா போகணும்னு இல்ல."

முனீஸ்வரன் பொறுமையான பையன். தாளை எடுத்து எழுதிக் காட்டினான். தவணையில் எட்டாயிரம் வட்டிக்கே போய்விடுகிறது. மீதி ஆயிரத்து அறுநூறுதான் அசலில் கழிகிறது. பத்து மாதம் கட்டினால் அசல் பதினாறாயிரம் இறங்கும்.

"சரி. தடைக்கால மாசத்துல?"

"தவணைதான் கிடையாது அக்கா. வட்டி ஓடும். ரெண்டு மாசத்துக்குப் பதினாறாயிரம். அது அசல்ல சேர்ந்துரும்."

அவன் பேனாவை வைத்துவிட்டான். அதற்கு மேல் எழுத ஒன்றுமில்லை. பத்து மாதம் இறக்கிய பாரம் அத்தனையும் இரண்டு மாதத்தில் திரும்ப ஏறி உட்கார்ந்துவிடுகிறது.

"இப்படியே போனா எப்ப முடியும்?"

அவன் தயங்கித்தான் சொன்னான். "இன்னும் முப்பத்திரண்டு வருசத்துக்கு மேல காட்டுது. மொத்தமா முப்பத்தேழு லட்சம் கட்டியிருப்பீங்க."

அவளுக்கு வயது முப்பத்து நான்கு. அறுபத்தாறு வயதில் தன் முகம் எப்படி இருக்கும் என்று ஒரு கணம் யோசித்தாள். அந்த முகம் இதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தது. அழுகை வரும் என்று எதிர்பார்த்தாள்; வரவில்லை. அதற்குப் பதிலாக ஒரு தெளிவு வந்தது, விளக்கைப் போட்டதும் அறையில் எது எங்கே கிடக்கிறது என்று தெரிவதுபோல.

"ரெண்டு மாசமும் விடாம கட்டுனா?"

விசைகளைத் தட்டினான். தட்டிவிட்டு நிமிர்ந்து அவளைப் பார்த்தான். "பதினாலரை வருசம்."

"அப்ப அந்த ரெண்டு மாசத்தோட விலை பதினெட்டு வருசமா?"

"இப்படி வந்து யாரும் கேட்டதில்ல அக்கா. மாசாமாசம் போனுக்கு மெசேஜ் போகுது..."

மெசேஜ் டென்னிஸின் போனுக்குத்தான் போகும், அதுவும் ஆங்கிலத்தில். அவன் மீன் விலை வரும் செய்தியைத் தவிர வேறெதையும் திறப்பதில்லை.

"கூடக் கொஞ்சம் கையில கிடைச்சா நடுவுல கட்டலாமா? அபராதம் ஏதும் உண்டா?"

"ஒண்ணும் கிடையாது. அது நேரா அசல்ல போகும்."

திரும்பும் பேருந்தில் ஜன்னலோர இடம் கிடைத்தது. மண்டபம் தாண்டிப் பாலத்தில் ஏறும்வரை அவள் அந்தப் பையனையும் நினைக்கவில்லை, நிறுவனத்தையும் நினைக்கவில்லை. தன்னைத்தான் நினைத்துக்கொண்டிருந்தாள். கேட்கத் தெரிந்தவள்தானே, ஏன் ஆறு வருடம் கேட்கவில்லை?

அவளைப் பெற்ற அய்யா வாழ்நாள் முழுக்க மீன் வியாபாரியிடம் முன்பணம் வாங்கியவர். வாங்கிய முன்பணத்தை யாரும் திருப்பிக் கொடுப்பதில்லை. பிடித்த மீனை அந்த வியாபாரிக்கே கொடுக்க வேண்டும்; அவர் விலையில் கொஞ்சம் பிடித்துக்கொள்வார். கடலுக்குப் போகாத நாளில் பிடித்தம் இல்லை, கேள்வியும் இல்லை. முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்தால், இனி உன்னோடு தொழில் இல்லை என்று முகத்துக்கு நேரே சொல்வதாக அர்த்தம். அந்தக் கடன் குறையாது. அதே சமயம் வளரவும் வளராது. படகு தூங்கினால் கடனும் கூடவே தூங்கும். டென்னிஸும் அப்படித்தான் வளர்ந்தான். கடன் என்றால் இருவருக்கும் தெரிந்தது அந்த ஒரு கடன்தான். இது தூங்காத கடன் என்பதை அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை, அவர்களும் கேட்கவில்லை.

இதை டென்னிஸிடம் எப்படிச் சொல்வது? கணக்கைச் சொல்வது எளிது. ஊர் முன்னால் அவன் நெஞ்சு நிமிர்த்தி நின்ற அந்த ஞாயிற்றுக்கிழமையை அவனிடமிருந்து பிடுங்குவதுதான் கஷ்டம். ஆனால் அதைப் பிடுங்காமல் விட்டால் வீடு போய்விடும். பாலம் முடிவதற்குள் அவள் முடிவு செய்துவிட்டாள்.

அவன் சாப்பிட்டு முடிக்கும்வரை பொறுத்திருந்து எல்லாவற்றையும் சொன்னாள். அவன் நம்பவில்லை.

"அந்தப் பய புதுசு. தப்பாப் பாத்திருப்பான்."

"நானும் கூட உக்காந்து பாத்தேன்."

"மேனேஜரே வாய்விட்டுச் சொன்னாரு புள்ள, தடைக்காலத்துல ஒத்த ரூபா கேக்க மாட்டோம்னு."

"கேக்கலையே. சொன்ன சொல்லக் காப்பாத்துனாரு. நாமதான் வட்டி ஓடுமான்னு கேக்கல."

"அப்ப நான் முட்டாப்பய. அதான?"

"நானுந்தான் கேக்கல. ஆறு வருசமா உங்களப் பெருமையா பாத்துக்கிட்டே இருந்தேன்."

அவன் எழுந்து போய்க் கை கழுவிவிட்டு வந்தான். குரலைத் தணித்து வேறு பக்கமாக வந்தான். மாடி வந்தால் வாடகை வரும், அந்த வாடகையே தவணையைக் கட்டிவிடும் என்றான். லிண்டா தலையசைத்தாள். "ரூம் என்னைக்கு நிறையும், என்னைக்குக் காலியாக் கிடக்கும்னு எனக்குத் தெரியாதா? அமாவாசைக்கும் மே மாசத்துக்கும் நிறையும். மத்த நாள்ல ஈ ஓட்டணும். அந்த நாலு லட்சத்துக்கும் இதே மாதிரி ரெண்டு மாசம் லீவு விடுறாங்களாம்."

"சரி, நீ சொல்ற மாதிரி முன்கூட்டியே கட்டுறோம்னு வையி. இவன் நம்மள விட்டுப் போகப்போறான்னு கம்பெனிக்காரன் நினைக்க மாட்டானா? நாளைக்கு ஆத்திர அவசரத்துக்குக் கேட்டா குடுப்பானா? மீன் எடுக்குற சீனி முகம்மது பாய்கிட்ட முன்பணத்தத் திருப்பிக் குடுத்துட்டு அவரு முகத்துல முழிக்க முடியுமா?"

"பாய்க்கு முகம் இருக்கு. கம்பெனிக்கு எங்க இருக்கு முகம்? அங்கன இருக்கது கம்ப்யூட்டர். அது கோவிச்சுக்காது."

அவளே தொடர்ந்தாள். "படகுல தண்ணி ஏறுது. பத்து மாசம் ராப்பகலா இறைக்கிறோம். ரெண்டு மாசம், கரையிலதான நிக்குதுன்னு ஓட்டைய அடைக்காம விட்டுட்டுப் படுத்துக்கிறோம். இதுல மேல இன்னொரு தட்டு கட்டவா?"

டென்னிஸ் சுவரைப் பார்த்தான். பிறகு தாள்களை எடுத்து அவள் முன்னால் வைத்தான். "கடைசியாக் கேக்குறேன். போடுவியா, மாட்டியா?"

"மாட்டேன்."

கத்தாமல் சொன்னாள். அந்தச் சொல் தன் வாயிலிருந்து இவ்வளவு சாதாரணமாக வந்தது அவளுக்கே வியப்பாக இருந்தது. அவன் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போனான்.

மூன்று நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. லிண்டா இறங்கிப் போகவும் இல்லை, குத்திக் காட்டவும் இல்லை. லாட்ஜ் முதலாளியிடம் பேசி, மே மாதக் கூட்டத்துக்கு மாலை வேலையையும் சேர்த்து வாங்கிக்கொண்டாள். அதில் ஒரு தவணை தேறும். இன்னொன்றுக்குத்தான் வழி தெரியவில்லை.

நாலாம் நாள் டென்னிஸ் அவள் முன்னால் வந்து நின்றான். "ராமநாதபுரம் போயிட்டு வந்தேன். அந்தப் பையன் எனக்கும் எழுதிக் காட்டுனான்."

அவள் காத்திருந்தாள்.

"கொச்சியில இப்பத் தடை கிடையாது. அங்க ஜூன்லதான் படகக் கட்டுவாங்க. ஆள் கேக்குறாங்க. போறேன்."

கொச்சிப் படகுகளுக்குக் கூலிக்குப் போவதை அவன் விட்டு ஏழு வருடம் ஆகிறது. இன்னாசியோடு சேர்ந்து சொந்தமாகப் படகு வாங்கிய பிறகு, போகிறவர்களைப் பார்த்துச் சிரிப்பவனாகவும் ஆகியிருந்தான். அவன் எதை விழுங்கிவிட்டு இதைச் சொல்கிறான் என்று அவளுக்குத் தெரிந்தது. நன்றி சொன்னால் அவன் கூசிப்போவான். அதனால், "பனியன் நாலு போதுமா?" என்று மட்டும் கேட்டாள்.

பேருந்து நிறுத்தத்துக்கு இன்னாசியும் வந்திருந்தான். "ஏலே, ஓனரு கூலிக்குப் போறாரு, வழி விடுங்கடா!" என்று உரக்கச் சொன்னான்.

"நீயும் வாயேன் மாப்ள. உன் வீட்டுக் கடனும் அந்தக் கம்பெனிதான?" என்றான் டென்னிஸ். "நான் பேசி வாங்கிக் குடுத்தேன்னு நீயும் ரெண்டு மாசம் லீவு வாங்குனேல்ல? போய்ப் பாக்கி எவ்வளவுன்னு கேட்டுட்டு வா. அப்புறம் சிரி."

இன்னாசியின் சிரிப்பு பாதியில் நின்றது. டென்னிஸ் தோள் பையை ஏற்றிக்கொண்டு அவனைப் பேருந்தின் பின்பக்கமாகத் தள்ளிக்கொண்டு போய், கையை அசைத்து அசைத்து எதையோ விளக்கினான். எட்டாயிரம் என்ற சொல் மட்டும் லிண்டாவின் காதில் விழுந்தது.

மே மாதத் தவணையை லிண்டா தன் போனிலிருந்தே கட்டினாள். செய்திகள் இனி தன் எண்ணுக்கு வரும்படி முனீஸ்வரனிடம் மாற்றச் சொல்லியிருந்தாள். லாட்ஜில் மதியக் கூட்டம் வடிந்து, சாவிகள் எல்லாம் கொடுத்து முடிந்த நேரத்தில் செய்தி வந்தது. அதை இரண்டு முறை படித்துவிட்டு டென்னிஸை அழைத்தாள். பின்னால் ஐஸ் உடைக்கும் சத்தமும் மலையாளக் கூச்சலும் கேட்டன.

"கட்டியாச்சு. அசல் குறைஞ்சிருக்கு."

"எவ்வளவு?"

"ஆயிரத்து அறுநூத்திச் சொச்சம்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான். ஆனா தடைக்காலத்துல இறங்கியிருக்கு."

அவன் யாரிடமோ ஏதோ சொன்னான். கூச்சல் சற்று விலகியது. ஒதுக்கமான இடத்துக்குப் போயிருக்க வேண்டும்.

"இந்த வாரம் பங்கு நல்லா வந்துச்சு புள்ள. ஜூன் தவணைய எடுத்து வச்சது போக மூவாயிரம் நிக்கிது. அதையும் இப்பவே போட்டா?"

"போட்டா முழுசும் அசலுக்கே போகும்."

"முழுசுமா? வட்டிக்குன்னு ஒண்ணும் எடுக்க மாட்டானா?"

"ஒத்த ரூபா எடுக்க மாட்டான்."

மனதுக்குள் கூட்டிக் கழிக்கிறான் என்று அவளுக்குத் தெரிந்தது. அவசரப்படுத்தவில்லை.

"சாயங்காலம் அனுப்புறேன்" என்றான் டென்னிஸ். "கட்டிட்டு எவ்வளவு இறங்குச்சுன்னு எனக்குச் சொல்லு."