குச்சி விழுந்த இடம்

1978-க்குப் பிறகு தமிழ்நாட்டில் என் வாசிப்பைக் கேட்காத காது கிடையாது. கல்யாண வீட்டுக் குழாய் ஸ்பீக்கரில் கேட்டிருப்பார்கள், டீக்கடை ரேடியோவில் கேட்டிருப்பார்கள், காதுகுத்து வீட்டில் பந்தி பரிமாறும்போது கேட்டிருப்பார்கள். வாசித்தது யார் என்று மட்டும் ஒருவரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்: முத்துக்குமாரசாமி, டிரம்ஸ், சொந்த ஊர் சங்கரன்கோவில்.

சினிமா இசைத்தட்டின் அட்டையில் இசையமைப்பாளர் பெயர் இருக்கும், பாடியவர்கள் பெயர் இருக்கும், அட்டையை அச்சடித்த பிரஸ்ஸின் பெயர்கூட மூலையில் இருக்கும். எங்களைப் போல ஸ்டூடியோ ஸ்டூடியோவாகப் போய் வாசித்துவிட்டு வருகிறவர்கள் பெயர் இருக்காது. அதற்காக நான் வருத்தப்பட்டதில்லை என்று பெரிய மனிதனைப் போலச் சொல்ல ஆசைதான். வருத்தப்பட்டேன். வயிறெரிந்தேன்.

பள்ளிக்கூட பேண்டில் சுதந்திர தினத்துக்கு டிரம் அடித்ததுதான் என் சங்கீதப் படிப்பு. அந்தத் தைரியத்தில் மெட்ராஸ் போய், மூன்று வருஷம் மற்றவர்களின் டிரம்ஸ் பெட்டியைத் தூக்கி, நாலாவது வருஷம் அதன் முன்னால் உட்கார்ந்தேன். 1982-க்குள் இருநூறு பாட்டுகளுக்கு மேல் வாசித்திருப்பேன். இதெல்லாம் என் தாய்மாமன் கைலாசத்துக்குப் புரியவில்லை.

மாமாவுக்குப் பத்திரப்பதிவு ஆபீசில் வேலை. அசல் பத்திரத்தையும் கையால் எழுதிய நகலையும் வரி வரியாக ஒப்பிட்டு, ஒத்துப்போனால் கையெழுத்துப் போடுவார். இருபத்தாறு வருஷம் அதையே செய்தவர் சோற்றைக்கூட ஒப்பிட்டுப் பார்த்துத்தான் சாப்பிடுவார். அவருடைய மகள் சங்கரேஸ்வரியை எனக்குத்தான் என்று சின்ன வயதிலேயே பேசி வைத்திருந்தார்கள். எனக்கும் அவள் வேண்டும். மெட்ராஸில் எத்தனையோ பேரைப் பார்த்தேன், அவளைப் போல என் பேச்சை முழுசாகக் கேட்டவர்கள் யாருமில்லை.

"பாட்டுல வாசிக்கேன், வாசிக்கேன்னு சொல்லுத. பேரு எங்கன இருக்கு?" என்றார் மாமா, இசைத்தட்டு அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து.

"எங்க பேரு போடமாட்டாங்க மாமா."

"போடாத பேரை நான் எப்படி நம்புவேன்?"

பிறகு அவரே ஒரு வழி சொன்னார். எங்கள் ஊர்க் கோவிலின் ஆடித்தபசுத் திருவிழாவுக்குச் சிவகிரி மூக்காண்டியின் பாட்டுக் கச்சேரி இருந்தது. நான் வாசித்ததில் ஊருக்கெல்லாம் தெரிந்த மழைப்பாட்டு ஒன்றை அவர்கள் எப்படியும் பாடுவார்கள். டிரம்ஸில் மூக்காண்டி இருக்கும் இடத்தில் நான் உட்கார்ந்து வாசிக்க வேண்டும். "ரெக்கார்டுல இருக்கிறதும் நீ வாசிக்கிறதும் ஒத்துப்போச்சுன்னா ஆவணியில கல்யாணம். நான் சொன்னா சொன்னதுதான்."

இதைவிடச் சுலபமான பரீட்சை உலகத்தில் உண்டா? கேள்வித்தாளையே நான்தான் எழுதியிருக்கிறேன்.

அந்த மழைப்பாட்டைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். படம் இரண்டு வாரத்தில் பெட்டிக்குள் போய்விட்டது, பாட்டு மட்டும் நான்கு வருஷமாக ஓடிக்கொண்டிருந்தது. இரண்டாவது சரணத்துக்கு முன்னால் டிரம்ஸ் மட்டும் தனியாக வரும். பதிவு நடந்த அன்றைக்கு அந்த இடத்தில் என் வலது கைக் குச்சி வியர்வையில் வழுக்கி, டிரம்மின் இரும்பு விளிம்பில் பட்டு, மரத்தரையில் விழுந்தது. 'டக்... டக்'. ஒரு தாளம் காலி. பக்கத்தில் இருந்த வேறு குச்சியை எடுத்துச் சேர்ந்துகொண்டேன். இன்னொரு தடவை எடுக்கலாம் என்று கெஞ்சினேன். கண்ணாடிக்கு அந்தப்பக்கம் இருந்த இசையமைப்பாளர், "வேணும்னே போட்ட மாதிரி நல்லா இருக்குய்யா, ஓகே" என்று சொல்லிவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்குப் போய்விட்டார்.

இருநூறு பாட்டை ஒழுங்காக வாசித்தவன், குச்சியைக் கீழே போட்ட ஒரு பாட்டில்தான் நிலைத்து நின்றேன். ஒவ்வொரு தடவை அந்த 'டக்' கேட்கும்போதும் எனக்கு உடம்பு கூசும்.

சங்கரேஸ்வரியிடம் இதைச் சொல்லியிருந்தேன். கச்சேரிக்கு முந்தின நாள் கிணற்றடியில் அவள், "அத்தான், ரெக்கார்டுல இருக்கிற மாதிரியே வாசிங்க. குச்சி விழுற எடத்தையும் சேத்து வாசிங்க" என்றாள்.

"அது தப்பு, புள்ள."

"தப்புன்னு உங்களுக்குத் தெரியும். எங்க அப்பாவுக்கு அது அசல்."

இவளுக்கு டிரம்ஸைப் பற்றி என்ன தெரியும் என்று நினைத்துக்கொண்டேன். அறிவாளி அல்லவா நான்.

மறுநாள் சாயங்காலம் மாமா முதல் வரிசை நாற்காலியில், பத்திரத்தைப் பார்க்கும் அதே மூக்குக்கண்ணாடியோடு உட்கார்ந்திருந்தார். பெண்கள் பக்கத்தில் சங்கரேஸ்வரி. மூக்காண்டி மரியாதையாக எழுந்து இடம் கொடுத்தான். டிரம்ஸ் பக்கத்தில் ஒரு மர ஸ்டூல் கிடந்தது. "இது எதுக்கு?" என்று கேட்டேன். "குச்சி போடுறதுக்கு அண்ணாச்சி" என்றான். நான் அதைக் காலால் தள்ளி வைத்தேன்.

பாட்டு ஆரம்பித்தது. என் வாழ்க்கையில் நான் அப்படி வாசித்ததில்லை. அந்த இடம் வந்தது. நான்கு வருஷமாக மனதுக்குள் திருத்தி வைத்திருந்ததை, விழாத குச்சியோடு, ஒரு தாளம் குறையாமல் வாசித்து முடித்தேன். மெட்ராஸில் யாராவது கேட்டிருந்தால் கட்டிப்பிடித்திருப்பார்கள்.

சங்கரன்கோவில் கட்டிப்பிடிக்கவில்லை. கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு குரல்: "ஏலே, முக்கியமான எடத்தை விட்டுட்டாம்லே."

விசில் பறந்தது. "டக் எங்கலே?" என்று நாலு பேர் கத்தினார்கள். மாமா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஆபீசில் நகலைத் திருப்பி அனுப்புவதற்கு முன்னால் அவர் அப்படித்தான் துடைப்பார்.

மைக்கைப் பிடித்து, "இன்னொரு தடவை வாசிக்கேன்" என்றேன். ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டேன். மறுபடியும் சரணம், மறுபடியும் அந்த இடம். குச்சியை விட்டேன். அது ஸ்டூலைத் தாண்டி ஜமுக்காளத்தில் சத்தமில்லாமல் விழுந்து உருண்டது. ஊரே சிரித்தது. தானாக விழுந்த குச்சியைத் திரும்ப விழவைக்க எனக்குத் தெரியவில்லை.

மூக்காண்டி வந்து உட்கார்ந்தான். சரியாக அந்த இடத்தில் விரலைத் திறந்தான். விளிம்பில் ஒரு டக், ஸ்டூலில் ஒரு டக், ஒரு தாளம் காலி, இடுப்பில் சொருகியிருந்த குச்சியை உருவி மறுபடியும் சேர்ந்துகொண்டான். இசைத்தட்டில் இருப்பது அப்படியே. கைதட்டலில் கோபுரத்துப் புறாக்கள் பறந்தன. நானும் கைதட்டினேன். வேறு என்ன செய்வது?

மேடைக்குப் பின்னால் மூக்காண்டி என் தோளைத் தொட்டான். "மனசு விட்ராதீங்க அண்ணாச்சி. அது லேசுல வராது. நானே நாலு மாசம் பழகினேன். வேணும்னா சொல்லித் தாரேன்." அவன் கேலி செய்யவில்லை. நல்ல பையன். அதுதான் தாங்க முடியவில்லை.

மாமா வெளியே காத்திருந்தார்.

"ஒத்துப்போகலயே மாப்ளே."

"மாமா, அசலே நான்தான்."

"அசல்ல குச்சி விழுதுல்லா."

மாமா வாக்குத் தவறாதவர். சொன்னபடி ஆவணியிலேயே கல்யாணம் நடந்தது. மாப்பிள்ளைதான் வேறு. கோவில்பட்டியில் அரசாங்க வேலை, பெயர் கெசட்டில் அச்சாகி வந்திருக்கிறது. பெயர் எங்கன இருக்கு என்று அவரிடம் கேட்க வேண்டிய அவசியமே இல்லை.

போகக்கூடாது என்றுதான் இருந்தேன். அம்மா அழுதாள், போனேன். பந்தலில் பாட்டுப் போட்டது அப்துல் ஜப்பாரின் சவுண்ட் சர்வீஸ். தாலி கட்டி முடித்து, எல்லோரும் மணமக்களுக்குத் திருநீறு பூசிக்கொண்டிருக்கும்போது மழைப்பாட்டைப் போட்டார். நான் மணவறைக்குப் பக்கத்தில் வரிசையில் நின்றேன். என் முறை வந்த நேரத்தில் அந்த இடமும் வந்தது. டக்... டக். பந்தலில் பாதிப்பேர் கூடவே தொடையில் தட்டினார்கள். மாப்பிள்ளையும் தட்டினார், சரியாகவே தட்டினார்.

சங்கரேஸ்வரி நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அந்தப் பந்தலில் அவள் ஒருத்திக்குத்தான் அது யாருடைய கையிலிருந்து விழுந்த குச்சி என்று தெரியும். கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான்.

மாப்பிள்ளை என் கையைப் பிடித்துக் குலுக்கினார். "நீங்க டிரம்ஸ் வாசிப்பீங்களாமே, மாமா சொன்னாக. இந்தப் பாட்டு வருமா?"

"வராது" என்றேன்.

சங்கரேஸ்வரி குனிந்து மாலையைச் சரிசெய்துகொண்டாள்.